நசுக்கினால் சிவப்பு

ஏப்ரல் 9, சனி

இன்று அப்பாவின் செல்ல மரத்துக்கு ஒரு கள்ளப் பிள்ளை வைத்தேன்.

மூன்றாம் வரிசைக் கடைசி மரம். சிவப்பு ஆப்பிள். அதன் பின்பக்கத்தில், அப்பா கண் போகாத உயரத்தில், ஒரு கிளையைச் சீவி வேறொரு குச்சியை ஒட்டுக் கட்டி, நாடா சுற்றி, மெழுகு பூசிவிட்டேன். பிப்ரவரியில் பக்கத்து வீட்டு அன்செல்மோ மாமாவின் மரத்திலிருந்து திருடிய குச்சி. இத்தனை நாள் ஈரக் காகிதத்தில் சுற்றி, குளிர்பெட்டியில் உப்புக் கருவாட்டுக்குப் பின்னால் படுத்துக் கிடந்தது. கருவாட்டு வாடையோடு பூக்குமோ என்னவோ.

எல்லாம் சரியாகப் போனால் இரண்டு மூன்று வருடத்தில் அப்பாவின் சுத்தச் சிவப்பு மரத்தில் நாலு மஞ்சள் பழம் தொங்கும். அப்பா கண்ணைக் கசக்குவார். சிலுவை போடுவார். பாதிரியாரைக் கூப்பிடுவார். இவ்வளவு பொறுமையாக ஒரு குறும்பை அடைகாக்க பதினைந்து வயதில் யாரால் முடியும்? இந்த ஓட்டீலியாவால் முடியும்.

அந்த மஞ்சள் சாதாரண மஞ்சள் இல்லை. அன்செல்மோ மாமாவின் மரம் ஒரே தண்டில் ஐந்து வகை காய்க்கும். நாலு வகை கடையிலேயே கிடைக்கும். ஐந்தாவதை அவர் எங்கள் ஆட்கள் விட்டுவந்த பழைய போர்த்துகீசியத் தீவிலிருந்து கோட்டுத் துணிக்குள் வைத்துத் தைத்துக் கொண்டுவந்தார். விமான நிலையத்தில் தடவிப் பார்த்தவனிடம் "நெஞ்சு எலும்பு" என்றாராம். அந்தப் பழத்துக்குப் பெயர் கிடையாது. இந்தக் கண்டத்திலேயே வேறு மரம் கிடையாது. வருடா வருடம் அதில் பாதியை நான்தான் தின்கிறேன்.

அப்பாவும் அவரும் பேசுவதில்லை. மாமா தன் ஆப்பிள் தோட்டத்தை வேரோடு பிடுங்கிவிட்டு ஒயினுக்குத் திராட்சை போட்டார், இந்த ஒரு மரத்தை மட்டும் விட்டுவைத்து. அப்பா கணக்கில் அது மதம் மாறியதற்குச் சமம்.

கத்தியையும் மெழுகையும் வேலியோரம் பழப்பெட்டிகளுக்குப் பின்னால் ஒளித்துவைத்தேன். அறுவடைக்கான பெரிய மரப்பெட்டிகள், என் கழுத்து உயரம். நாட்டு எல்லைக்குத் தெற்கே மூடிப்போன ஒரு பழக் கொட்டகையிலிருந்து அப்பா குளிர்காலத்தில் மலிவாக அள்ளிவந்தார். வந்த நாளிலிருந்து அதைப் பற்றியே பெருமை. தேவாலயத்தில்கூட.

ஏப்ரல் 30, சனி

போர்த்துகீசிய மண்டபத்தில் கூட்டம். கீரை சூப் இலவசம் என்பதால் போனேன். சூப்பை விட விஞ்ஞானம் நீர்த்திருந்தது.

விஷயம் இதுதான். ஆப்பிளுக்குள் புழு வைக்கும் அந்துப்பூச்சியை ஒழிக்க மனிதன் நூறு வருடமாக மல்லுக்கட்டுகிறான். முதலில் ஈயமும் ஆர்சனிக்கும். பிறகு ஒரு வெள்ளைத் தூள். பிறகு ஒன்றை விட ஒன்று நாறுகிற மருந்துகள். பூச்சி எல்லாவற்றையும் ருசி பார்த்துவிட்டு இன்னும் கொஞ்சம் கேட்டது. இப்போது புதுத் திட்டம்: தொழிற்சாலையில் பூச்சியைக் கோடிக்கணக்கில் வளர்ப்பார்களாம், கதிர் காட்டி மலடாக்குவார்களாம், நம் தோட்டத்தில் கொண்டுவந்து கொட்டுவார்களாம். காட்டுப் பூச்சி அதோடு கூடி முட்டை வைக்கும். முட்டை பொரியாது.

அதாவது, ஊர் முழுக்க உதவாக்கரை மாப்பிள்ளைகளை இறக்கி வம்சத்தை முடிப்பது. இதற்கு ஒரு பல்கலைக்கழகம் தேவைப்பட்டிருக்கிறது. எங்கள் பள்ளிப் பையன்களைப் பார்த்திருந்தால் ஒரே மதியத்தில் கண்டுபிடித்திருப்பார்கள்.

அப்பா எழுந்து கேட்டார்: "வரி குடுத்துப் பூச்சி வாங்கி விடுறதா? ஏற்கனவே இருக்கிறது பத்தலையா?"

மண்டபம் கைதட்டியது. திட்டம் அவர்களுடையது, திட்டு எங்களுடையது.

பதில் சொல்ல வந்தவள் நோரீன். சமவெளிப் பக்கத்துப் பெண், கல்லூரியில் பூச்சிப் படிப்பு, இந்தக் கோடை முழுக்க எங்கள் சாலைத் தோட்டங்களுக்குப் பொறுப்பு அவள்தான். "தொழிற்சாலைப் பூச்சிக்குத் தீனியில சிவப்புச் சாயம் கலந்துதான் குடுக்குறோம். பொறியில விழுந்ததை நசுக்கிப் பாருங்க. உள்ள சிவப்பா இருந்தா நம்ம பூச்சி. சாம்பலா இருந்தா காட்டுப் பூச்சி" என்றாள். கட்டை விரலைத் தூக்கிக் காட்டினாள். நகத்தோரம் ரோஜா நிறம். இதுதான் விஞ்ஞானம். கட்டை விரல்.

மே 11, புதன்

நோரீன் வந்து பொறி மாட்டினாள். எங்கள் பக்கம் ஆறு. வேலியோரக் கடைசி மரத்தில் ஒன்று. அதற்கு ஒரு பக்கம் அப்பாவின் பெட்டி அடுக்கு, மறுபக்கம் வேலி தாண்டி அன்செல்மோ மாமாவின் மரம்.

பொறி என்றால் அட்டையில் செய்த சின்னக் கூடாரம். அடியில் பசை. நடுவில் பெண் பூச்சியின் வாசனை ஏற்றிய ரப்பர் துண்டு. ஆண்கள் வாசனையை நம்பி வந்து, ரப்பரைக் கட்டிப்பிடித்து, ஒட்டிக்கொண்டு சாகிறார்கள். கல்யாண மண்டபம் என்று வெளியே எழுதிவைக்காததுதான் குறை.

அவள் போனதும் வேலியோரப் பொறிக்குள் ஒரு பிளாஸ்டிக் சிலந்தியை ஒட்டிவைத்தேன். நசுக்கட்டும் விஞ்ஞானியம்மா.

மே 18, புதன்

பொறியின் அடியில் பென்சிலில் எழுதிவிட்டுப் போயிருக்கிறாள்:

நம் பூச்சி 23. காட்டுப் பூச்சி 0. பிளாஸ்டிக் சிலந்தி 1 — நசுக்கிப் பார்த்தேன், மலடு.

எதிரிக்கு நகைச்சுவை இருக்கக் கூடாது. அது விதிமீறல்.

சிலந்தியைத் திருப்பி மாட்டியிருந்தாள். பையில் போட்டுக்கொண்டேன்.

மே 25, புதன்

வேலியோரப் பொறியில் இரண்டு சாம்பல். மற்ற ஐந்திலும் ஒன்றுகூட இல்லை.

அப்பா சாப்பாட்டு மேசையில் ஒரே குஷி. எதிரி மரத்தில் புழு என்றால் அவருக்கு ரொட்டி இனிக்கும். "அவன் மரந்தான்! மருந்தடிக்க மாட்டான், கவாத்துப் பண்ண மாட்டான், அஞ்சு வகைன்னு சர்க்கஸ் காட்டத் தெரியும். அத்தனை புழுவும் அங்கதான் குடும்பம் நடத்துது."

"பேசாம சாப்பிடுங்க" என்றாள் அம்மா.

பேசாமல் சாப்பிட்டார். பிறகு எழுந்து போய்த் தொலைபேசியில் புகார் சொன்னார். திட்டத்தைத் திட்டிய அதே வாய். அண்டை வீட்டானைப் பழிவாங்க உதவும் என்றால் விஞ்ஞானம் உடனே நல்ல பிள்ளையாகிவிடுகிறது.

ஜூன் 1, புதன்

ஐந்து சாம்பல்.

நோரீன் அன்செல்மோ மாமாவிடம் பேசப் போனாள். நான் பெட்டி அடுக்கின் மேல் படுத்துக் கேட்டேன். சட்டம் இதுதான்: மரத்திலுள்ள பிஞ்சு எல்லாவற்றையும் உதிர்த்துவிட வேண்டும். இல்லையென்றால், அடுத்த வாரமும் எண்ணிக்கை ஏறினால், மரத்தையே எடுத்துவிட வேண்டும்.

"யாரு சொல்லிக்குடுத்தா உனக்கு? அந்த எவரிஸ்டோவா?"

எவரிஸ்டோ என்பது என் அப்பா. அப்பா அப்போது வேலிக்கு இந்தப் பக்கம் ஒன்றும் தெரியாதவர் போல வாளியைத் துடைத்துக்கொண்டிருந்தார். அந்த வாளி இத்தனை சுத்தமாக இருந்ததே இல்லை.

"பிஞ்சை மட்டும் உதிர்த்திருங்க, மரம் தப்பிச்சிரும். நானே வந்து உதவுறேன்" என்றாள் நோரீன்.

"ஒண்ணைக்கூடத் தொட மாட்டேன். அவன் புகார் பண்ணி நான் பிடுங்கினேன்னு ஊர் சொல்லணுமா?"

"ஆமா, ஊர் பூரா உன்னையத்தான் பேசுது பாரு!" இது அப்பா, வாளியைப் பார்த்தபடி.

"நீ உன் புழுவைப் பாத்துக்க எவரிஸ்டோ. ஆப்பிள்ல இருக்குறதைச் சொல்லலை. மண்டையில இருக்குறதைச் சொன்னேன்."

இருவருக்கும் சேர்த்து நூற்றிருபது வயது. கதிர் காட்ட வேண்டியது இவர்களுக்குத்தான்.

ஆனால் மரம்? அதற்கு யாருமே பேசவில்லை. ஐந்தாம் கிளையில் மஞ்சளின் பிஞ்சுகள் சுண்டைக்காய் அளவு வந்துவிட்டன. நான் வைத்த ஒட்டில் நாலு இலைதான் விட்டிருக்கிறது. அது பிழைக்குமா என்று அதற்கே தெரியாது.

ஜூன் 2, வியாழன்

யோசனை வந்துவிட்டது! பொறியில் பூச்சி விழுந்தால்தானே எண்ணிக்கை? சாயங்காலம் வேலியோரப் பொறியைக் கழற்றிப் பெட்டி அடுக்கின் நடுவே மாட்டிவிட்டேன். காய்ந்த பலகைக்குள் எந்தப் பூச்சி பெண் தேடி வரும்? புதன் காலை அவள் வருவதற்குள் பழைய இடத்தில் மாட்டிவிட்டால் சுத்தமான சைபர். மாமா மரம் தப்பிக்கும். அப்பா மூக்கு உடையும். விஞ்ஞானம் தலையைச் சொறியும். ஒரே கல், மூன்று மண்டை.

ஜூன் 8, புதன்

பதினேழு.

பதினேழு! காலையில் தாமதமாக எழுந்து, ஓடிப்போய், உள்ளே பார்க்காமலே மாட்டிவிட்டேன். நோரீன் பிரித்ததும் அவள் முகம் மாறியது. நான் சிரிக்கத் தயாராக நின்றிருந்தேன். ஒவ்வொன்றாக நசுக்கினாள். சாம்பல். சாம்பல். சாம்பல். ஒரு சிவப்புகூட இல்லை.

"எங்கேயோ பக்கத்துல பெரிய கூடு இருக்கு. இவ்வளவு வரக் கூடாதே" என்று முணுமுணுத்துக்கொண்டே எழுதினாள்.

மத்தியானமே மாமா கதவில் அறிவிப்பு. மரத்தை எடுக்க வேண்டும்.

அப்பா விசில் அடித்துக்கொண்டு சாப்பிட்டார்.

அந்தப் பொறி வாரம் முழுக்க எங்கே தொங்கியது என்று எனக்கு மட்டும்தான் தெரியும். காய்ந்த பலகைக்குள் பதினேழு. எப்படி?

ஜூன் 9, வியாழன்

திருப்புளியால் ஒரு பெட்டியின் மூலைப் பலகையை நெம்பினேன்.

சந்து முழுக்கப் பட்டு. வெள்ளை வெள்ளையாகச் சின்னக் கூடுகள், உள்ளே பழுப்புத் தோல்கள், எல்லாம் காலி. தோல்களின் தலை மட்டும் வெளியே நீட்டிக்கொண்டு. அடுத்த பெட்டி, அதற்கடுத்தது, எல்லாவற்றிலும். தெற்கே போன வருடம் பழத்தோடு வந்த புழுக்கள் பலகைச் சந்தில் ஒளிந்து குளிர்காலத்தைத் தூங்கிக் கழித்துவிட்டு, இங்கே எங்கள் வேலியோரம் எழுந்து பறந்திருக்கின்றன. அப்பா மலிவாக அள்ளிவந்தார் இல்லையா? பூச்சி இலவச இணைப்பு.

மாமா மரத்தில் ஒன்றும் இல்லை. எப்போதும் இருந்ததில்லை. அந்தப் பழங்களைத் தின்பவள் நான், எனக்குத் தெரியாதா? ஒரு தடவையாவது புழுவைக் கடித்தேனா? ஏன் இது முன்னாலேயே தோன்றவில்லை?

சொன்னால் அப்பா மானம் போகும். சொல்லாவிட்டால் மரம் போகும்.

ஜூன் 10, வெள்ளி

சொல்லவில்லை.

ஜூன் 11, சனி

இன்றும். குறும்பு செய்ய ஒரு நிமிடம் யோசிக்காத மண்டை, ஒரு உண்மையைச் சொல்ல இத்தனை ஒத்திகை பார்க்கிறது. தூ.

ஜூன் 12, ஞாயிறு

பூசை முடிந்து வந்ததும் அடுக்களையில் அப்பாவிடம் சொன்னேன். பொறியை மாற்றியதையும் சேர்த்து. நெம்பிய பலகையை மேசையில் வைத்தேன்.

அப்பா ஒரு தோலை விரலால் தட்டினார். அது உதிர்ந்தது.

"யாருக்குத் தெரியும்?"

"உங்களுக்கும் எனக்கும்."

"அப்ப வாயை மூடு. பெட்டியிலன்னு தெரிஞ்சா அத்தனையையும் எரிக்கச் சொல்வாங்க. செப்டம்பர்ல எதுல பறிக்கிறது, உன் பாவாடையிலயா?"

"மாமா மரத்தை வெட்டச் சொல்லியிருக்காங்கப்பா!"

"பாக்கலாம். நாள் இருக்கு. நாளைக்கு யோசிச்சு—"

அப்போதுதான் ரம்பம் சத்தம் கேட்டது.

ஓடினேன். வேலியைத் தாண்டும்போது பாவாடை கிழிந்தது. மாமா ஞாயிற்றுக்கிழமைச் சட்டையைக்கூட மாற்றாமல் வெட்டிக்கொண்டிருந்தார். கத்தினேன், கேட்கவில்லை. ரம்பத்தை அணைத்தபோது மரம் படுத்துவிட்டது.

"வெட்டாதீங்க மாமா, உங்க மரம் இல்ல—"

"இல்லதான். இனிமே இல்ல." சட்டையால் முகத்தைத் துடைத்தார். "அவனுங்க வந்து என் மரத்துல கை வைக்கணுமா? உன் அப்பன் வேலியில நின்னு வேடிக்கை பாக்கணுமா? என் மரம், நானே வெட்டிட்டேன். போய்ச் சொல்லு."

ஐந்து வகைக் கிளைகளையும் தனித்தனியாக ஐந்து குவியலாக அடுக்கியிருந்தார். பிறகு ஐந்துக்கும் தீ வைத்தார். அடிக்கட்டையைத் திராட்சை டிராக்டரில் கட்டி வேரோடு இழுத்துப் போட்டார்.

நான் ஒன்றும் சொல்லாமல் திரும்பி வந்துவிட்டேன். எனக்கு என்னடி ஆச்சு? வாய் எங்க போச்சு? ஊரெல்லாம் வாய்க்காரின்னு பேரு!

ஜூன் 15, புதன்

நோரீனிடம் சொன்னேன். பொறி, பெட்டி, எல்லாம். திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். பொறியை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள்.

"பதினேழு ஒரே பொறியில வந்தா எங்கேயோ தப்பு இருக்குன்னு ஆபீஸ்ல சொல்லியிருந்தேன். வேற இடமும் தேடிப் பாத்துட்டுத்தான் மரத்தைத் தொடணும்னு ஒரு வாரம் தவணை கேட்டு வாங்கினேன். இன்னைக்கு உங்க பெட்டியைப் பாக்கத்தான் வந்தேன்." பிறகு கேட்டாள்: "அவர் ஏன் காத்திருக்கலை?"

என்ன பதில் சொல்வது இந்தச் சமவெளிக்காரிக்கு? விஞ்ஞானத்துக்கு ஒரு வாரம் ஆகும். எங்கள் ஆட்களின் ரோஷத்துக்கு அரைமணி போதும்.

நூறு வருடமாகப் பூச்சியை ஒழிக்க முடியவில்லை என்று எல்லாரும் வியக்கிறார்கள். எனக்கு வியப்பே இல்லை. பூச்சி பூச்சியோடு சண்டை போடுவதில்லை. காத்திருக்கத் தெரிகிறது, பலகைச் சந்தில் ஒரு குளிர்காலம் முழுக்க. எதிர்ப்பக்கத்தில் யார் இருக்கிறார்கள் என்று பாருங்கள்: அப்பா, மாமா, நான்.

ஜூன் 18, சனி

அப்பா பெட்டிகளை எரித்தார். யாரும் சொல்வதற்கு முன்னால், அவராகவே. ஒவ்வொன்றாக உடைத்துப் போட்டார். வெயில் மண்டையைப் பிளந்தது. நெருப்புக்குப் பக்கத்தில் கோடாலியோடு நின்றவர் முகம் வெந்துவிட்டது.

வேலிக்கு அந்தப் பக்கம் அன்செல்மோ மாமா வந்து நின்றார்.

"குளிருதா எவரிஸ்டோ?"

அப்பா திரும்பவில்லை. இன்னொரு பெட்டியைப் போட்டார். தீப்பொறி எழும்பி அடங்கியது.

"பெட்டியிலதான் இருந்துச்சு" என்றார் நெருப்பிடம்.

புகை மாமா பக்கம்தான் போயிற்று. நகரவில்லை. ரொம்ப நேரம் கழித்து நான் பார்த்தபோது ஆளைக் காணோம்.

ஆகஸ்ட் 20, சனி

அப்பாவின் செல்ல மரத்தின் பின்பக்கம் ஏறிப் பார்த்தேன். என் கள்ளப் பிள்ளை முழங்கை நீளம் வளர்ந்திருக்கிறது. இலை கொஞ்சம் வெளிர். கூர்ந்து பார்த்தால்தான் தெரியும்.

யாரிடமும் சொல்லவில்லை. சொன்னால் அப்பா வெட்டிவிடுவார். அந்த மரத்தில் ஒரு கலப்புக் கிளை! அதுவும் அந்த வீட்டுக் கிளை!

சிரிப்பதற்காக வைத்தது. இப்போது காற்று அடித்தால் எழுந்து ஜன்னலுக்குப் போகிறேன். கேவலம்.

செப்டம்பர் 24, சனி

கடன் வாங்கிய பிளாஸ்டிக் பெட்டிகளில் அறுவடை. வேலியோரம் இரண்டு வரிசை முழுக்கப் புழு. அப்பா கத்தாமல் பறிக்கிறார். கத்தினால் பரவாயில்லை போலிருக்கிறது.

மார்ச் 11, சனி

கவாத்து. அப்பா ஏணியில், நான் கீழே குச்சி பொறுக்க. மூன்றாம் வரிசைக்கு வந்தபோது பொறுக்கிய குச்சிகளையே கீழே போட்டு மறுபடி பொறுக்கினேன். கடைசி மரத்துக்கு ஏணியைப் பின்பக்கம் சாய்த்தார்.

கத்தரி திறந்தது. மூடவில்லை.

"இது யாரு வேலை?"

சிட்டுக்குருவி, அணில், தூய ஆவி என்று நாலு பதில் நாக்கில் வந்தது. "என் வேலை" என்றேன்.

"என்ன குச்சி இது?"

வேலிப் பக்கம் கையைக் காட்டினேன். அங்கே இப்போது வெறும் குழி.

"மஞ்சளா?"

"மஞ்சள்தான்."

அப்பா பட்டையைக் கட்டை விரலால் தடவினார். நாடா இருந்த இடத்தை முகர்ந்து பார்த்தார். கத்தரி இன்னும் திறந்தே இருந்தது.

"கழுதை மாதிரி கட்டியிருக்க" என்றார். "ரெண்டு பக்கமும் தோல் சேரவே இல்ல. எப்படிப் புடிச்சுதோ."

ஏணியிலிருந்து இறங்கினார். கத்தரியை என் கையில் கொடுத்துவிட்டு வேலிக்குப் போனார். ஜூனுக்குப் பிறகு அந்த வேலியைத் தாண்டி அவர் பார்த்ததே இல்லை. இரண்டு விரலை வாயில் வைத்து, நாயைக் கூப்பிடுவது போல விசில் அடித்தார். பெயர் சொல்லிக் கூப்பிடப் பெருமை விடவில்லை போலும்.

மாமா வந்தார். நாயைப் போலவே, அவசரமில்லாமல். அப்பா திரும்பி நடந்தார், மாமா வேலியைத் தாண்டிப் பின்னால் வந்தார், ஏணியில் ஏறினார். மேலே வெகு நேரம் இருந்தார். கோட்டு முதுகு மட்டும் தெரிந்தது. அது எதற்கோ குலுங்கியது. குளிராக இருக்கும்.

இறங்கியதும் முதலில் என்னைப் பார்த்தார். "திருட்டுக் கழுதை."

பிறகு அப்பாவைப் பார்த்தார். "உன் மரத்துல என் கிளை, எவரிஸ்டோ. எங்க, இப்ப போன் பண்ணு பாப்போம். புழு இருக்குன்னு சொல்லு."

அப்பா தொப்பியைக் கழற்றினார். தலையில் ஏதாவது இருக்கிறதா என்று பார்ப்பவர் போல உள்ளே பார்த்தார். திரும்ப மாட்டிக்கொண்டார்.

"மெழுகு இருக்கா உன்கிட்ட?" என்று கேட்டார். "நம்மளது பழசாப் போச்சு."

மே 10, புதன்

நோரீன் வந்தாள். இந்த வருடமும் எங்கள் சாலைக்கு அவள்தானாம். அப்பா அவளுக்கு வேலியோர மரத்தைக் காட்டாமல் மூன்றாம் வரிசைக் கடைசி மரத்தைக் காட்டி, "முதல் பொறி இங்க மாட்டு" என்றார். காரணம் சொல்லவில்லை. வேலிக்கு அந்தப் பக்கமிருந்து ஒரு குரல், "இன்னும் கொஞ்சம் மேல மாட்டச் சொல்லு" என்றது.

அவள் என்னைப் பார்த்து, "உள்ள என்ன வைக்கப் போற?" என்று கேட்டாள்.

பிளாஸ்டிக் சிலந்தி பையில்தான் இருந்தது. இப்போதும் அங்கேயே இருக்கிறது.